பழைய கார்: கேளுங்கள், சொல்கிறோம்

பாலக்கோடு வாசகர்: எங்கள் வீட்டு ஸ்டாண்டர்ட் ஹெரால்டு, ‘டிரையம்ப் ஸ்பிட்ஃபயர்’ ஸ்போர்ட்ஸ் காருக்குச் சொந்தம் என்கிறார் மெக்கானிக். நிஜமா?

நிஜம்தான், பங்காளி முறை. ஹெரால்டு 1959-ல் இங்கிலாந்தில், ஸ்டாண்டர்ட்-டிரையம்ப் கம்பெனியின் ‘டிரையம்ப் ஹெரால்டு’ காராக வந்தது. வடிவம் கொடுத்தவர் இத்தாலியரான மிக்கெலோட்டி. மற்ற கம்பெனிகள் தனிச் சேஸிஸை, அதாவது பாடியைத் தாங்கும் அடிச்சட்டத்தை, கைவிட்டுக்கொண்டிருந்த காலம் அது. ஸ்டாண்டர்ட்-டிரையம்புக்கு பாடி செய்து கொடுத்த தொழிற்சாலையைப் போட்டிக் கம்பெனி வாங்கிவிட, துண்டு துண்டாகச் செய்த பாடியை சேஸிஸ்மேல் போல்ட் போட்டு இறுக்க வேண்டியதாயிற்று. வேறு வழியில்லாமல் செய்ததுதான் பிறகு கைகொடுத்தது. அதே சேஸிஸின் வீல்பேஸை (முன், பின் சக்கரங்களுக்கு இடையிலான தூரம்) 91.5 அங்குலத்திலிருந்து 83-ஆகக் குறைத்து, இரண்டு சீட் பாடியும் 1147 சிசி எஞ்சினும் இரட்டை எஸ்.யு. கார்புரேட்டரும் வைத்தார்கள். 1962-ல் ஸ்பிட்ஃபயர் தயார். சென்னையில் 1961 முதல் செய்த நம் ஹெரால்டுக்கு 948 சிசிதான். ஆனால் மட்கார்டோடு சேர்ந்து முன்பக்கம் முழுவதும் வாய் பிளக்கும் அந்த பானெட், இரண்டுக்கும் ஒரே ஜாடை.

காவேரிப்பட்டணம் வாசகர்: பத்து வருடமாகக் கொட்டகையில் நிற்கும் ஹெரால்டை எப்படி ஸ்டார்ட் செய்வது?

சாவியைத் தொடாதீர்கள். சிலிண்டருக்குள் பிஸ்டன் ரிங்குகள் துருவில் ஒட்டியிருக்கும்போது ஸ்டார்ட்டர் இழுத்தால் ரிங் முறியும். நான்கு பிளக்கையும் கழற்றி, ஒவ்வொரு சிலிண்டரிலும் ஒரு டீஸ்பூன் எஞ்சின் ஆயில் விட்டு ஒருநாள் ஊறவிடுங்கள். மறுநாள் டாப் கியர் போட்டு, ஆள் வைத்து மெதுவாகத் தள்ளுங்கள். எஞ்சின் சுற்றினால் நல்லது. அடம்பிடித்தால் இன்னும் இரண்டு நாள் ஊறட்டும்.

பிறகு பழைய ஆயிலை வடித்து 20டபிள்யூ-50 ஊற்றுங்கள். பிளக் இல்லாமலேயே, ஆயில் விளக்கு அணையும்வரை விட்டுவிட்டு ஸ்டார்ட்டர் அடியுங்கள். டிஸ்ட்ரிபியூட்டருக்குள் இருக்கும் பாயின்ட்டின் இடைவெளி 0.38 மி.மீ., பிளக்கின் இடைவெளி 0.64. டேங்க்கில் பிசினாகிக் கிடக்கும் பெட்ரோலைக் கொட்டிவிடுங்கள். ரப்பர் ஹோஸையும் பெட்ரோல் பம்ப்பின் ரப்பர் சவ்வான டயாஃப்ரத்தையும் யோசிக்காமல் மாற்றுங்கள். எத்தனால் கலந்த இன்றைய பெட்ரோலில் பழைய ரப்பர் ஊறிப் பிய்ந்துவிடும். ஹோஸ் கசிந்தால் சொட்டுவது சூடான எஞ்சின்மேல்.

தருமபுரி வாசகர்: அதே காரில் தொப்பூர் கணவாய் இறங்கி சேலம் போகலாமா?

போகலாம், லாரிக்காரர்கள் சிலர்போல் நியூட்ரலில் அல்ல. ஏறுவதற்கு எந்த கியர் வேண்டுமோ அதே கியரில் இறங்குங்கள். டிரம் பிரேக்கை விடாமல் மிதித்தால் டிரம் சூட்டில் விரிந்து, உள்ளிருந்து அழுத்தும் ஷூவைவிட்டு விலகும், ஷூவின் மேல் ஒட்டிய லைனிங்கும் வழுக்கும். பிரேக் ஆயில் காற்றின் ஈரத்தை உறிஞ்சும்: புது டாட் 3 ரக ஆயில் கொதிக்க 205 டிகிரி செல்சியஸ் வேண்டும், ஈரமேறியதற்கு 140 போதும். இரண்டு வருடத்துக்கு ஒருமுறை மாற்றுங்கள்.

இன்னொன்று, வளைவு. ஹெரால்டின் பின்சக்கரங்கள் தனித்தனியாக ஆடும் ஆக்ஸில். வளைவின் நடுவில் சட்டென்று ஆக்ஸிலரேட்டரை விட்டாலோ பிரேக் மிதித்தாலோ பின்பக்கம் எழும்பி, வெளிச்சக்கரம் உள்ளே மடங்கும், வால் வீசும். வேகத்தை வளைவுக்கு முன்பே குறைத்து, உள்ளே லேசாக ஆக்ஸிலரேட்டர் கொடுத்தபடி போங்கள். ஸ்பிட்ஃபயருக்கும் இதே வியாதிதான். 1970-ல் மார்க் 4 வந்தபோது பின் ஸ்பிரிங்கை மாற்றித்தான் அடக்கினார்கள்.