கட்டம் கட்டமாக வரும் இந்தி சப்டைட்டில்

கேள்வி: எங்கள் பனியன் கம்பெனியில் தையல் பிரிவில் பாதிப் பேர் பீகார் பிள்ளைகள். ஓவர்லாக் மெஷினில் விரல் மாட்டாமல் வேலை செய்வது பற்றிய வீடியோவுக்குத் தெரிந்தவர் ஒருவர் இந்தி சப்டைட்டில் செய்து கொடுத்தார். லேப்டாப்பில் விஎல்சியில் போட்டால் வெறும் கட்டங்கள், போனில் ஏதேதோ ஆங்கிலக் குறிகள், பென் டிரைவில் ஏற்றி கேன்டீன் டிவியில் செருகினால் மறுபடியும் கட்டம். எனக்கு இந்தி படிக்கத் தெரியாது. என்ன செய்வது?
- ஒரு வாசகர், திருப்பூர்

பதில்: ஃபைல் கெட்டுப்போகவில்லை, தைரியமாக இருங்கள். கட்டம் வருகிறது என்றால் எழுத்து ஒழுங்காக வந்து சேர்ந்துவிட்டது, அதை வரைந்து காட்ட ஃபான்ட் கிடைக்கவில்லை, அவ்வளவுதான். விஎல்சியில் கண்ட்ரோல்-பி (Ctrl+P) அழுத்தி, சப்டைட்டில் பகுதியில் ஃபான்ட் இருக்கும் இடத்தில் நிர்மலா யூஐ என்பதைத் தேர்ந்தெடுங்கள் (விண்டோஸ் 8 முதல் கூடவே வருகிறது, பழைய கணினி என்றால் மங்கள்). சேமித்து, விஎல்சியை மூடித் திறங்கள்.

போனில் நடப்பது வேறு கோளாறு. எஸ்ஆர்டி ஃபைல், அதாவது உங்கள் சப்டைட்டில் ஃபைல், வெறும் உரைதான், எந்த என்கோடிங்கில் (எழுத்துகளை எண்களாகச் சேமிக்கும் முறை) எழுதப்பட்டது என்று அது தன்னைப் பற்றிச் சொல்லிக்கொள்வதில்லை. யூடிஎஃப்-8 முறையில் ஒவ்வொரு இந்தி எழுத்தும் 3 பைட். பிளேயர் அதை ஆங்கில ஃபைல் என்று நினைத்து ஒவ்வொரு பைட்டையும் தனி எழுத்தாகக் காட்டினால், தலையில் சாய்கோடு போட்ட சின்ன ஏ திரும்பத் திரும்ப வரும், பக்கத்திலேயே முள் முளைத்த குட்டி வட்டமும். (தமிழ் ஃபைல் என்றால் அந்த ஏவுக்குப் பக்கத்தில் வட்டத்துக்குள் ஆர் வரும், நம்மில் பலர் பார்த்திருப்போம்.) பிளேயரின் சப்டைட்டில் செட்டிங்ஸில் என்கோடிங்கை யூடிஎஃப்-8 ஆக்கினால் சரியாகிவிடும்.

ஃபைலை நோட்பேடில் திறந்து ஆன்சி என்று மட்டும் சேமித்துவிடாதீர்கள். இந்தி எழுத்தெல்லாம் கேள்விக்குறியாகிவிடும், அப்புறம் எந்த செட்டிங்கும் அதை மீட்காது, செய்து கொடுத்தவரிடம் மறுபடி வாங்குவதுதான் வழி. இதனாலேயே முதலில் ஒரு பிரதி எடுத்து வையுங்கள். உங்களிடம் இல்லாத இன்னொரு கோளாறும் உண்டு: சாதாரண ஆங்கில எழுத்துகளே அர்த்தமில்லாமல் கோத்து வந்தால், அது க்ருதி தேவ் என்ற பழைய ஃபான்ட்டில் தட்டியது. அதை எல்லா மொழிக்கும் பொதுவான யூனிகோடு முறைக்கு மாற்றித்தான் ஆக வேண்டும்.

இனி டிவி. பல டிவிகளில் இந்தி எழுத்தான தேவநாகரிக்கு ஃபான்ட்டே இருக்காது, நாமாக ஏற்றவும் முடியாது. லேப்டாப்பை எச்டிஎம்ஐ கேபிளில் இணைத்துப் போடுவது சுலபம். பென் டிரைவில்தான் வேண்டும் என்றால் ஹேண்ட்பிரேக் என்ற இலவச மென்பொருளில் வீடியோவைத் திறந்து, எஸ்ஆர்டியைச் சேர்த்து, பர்ன் இன் என்பதை டிக் செய்து புது வீடியோ எடுங்கள். எழுத்து படத்தோடேயே பதிந்துவிடும், டிவிக்கு ஃபான்ட் தேவையில்லை.

முழுதாக எடுப்பதற்கு முன் ஒரு நிமிடத் துண்டு மட்டும் எடுத்து, அந்தப் பிள்ளைகளில் ஒருவரை உரக்கப் படிக்கச் சொல்லுங்கள். இதை விட்டுவிடாதீர்கள். இந்தியில் குறில் இகரக் குறி, நம் 'கெ'யில் கொம்பு போல, எழுத்துக்கு முன்னால் நிற்க வேண்டும். சில பழைய பிளேயர்கள் அதைப் பின்னால் தள்ளிவிடும், கூட்டெழுத்தையும் உடைத்துவிடும். இந்தி தெரியாத நமக்கு எல்லாம் சரியாக இருப்பதாகவே தோன்றும். அப்படி வந்தால் ஃபான்ட்டை மாற்றிப் பயனில்லை, பிளேயரைப் புதுப்பியுங்கள். விரலைக் காக்கிற வீடியோ, ஒவ்வொரு வரியும் அவர்களுக்குப் புரிய வேண்டும்.

கேள்வி: விஎல்சியில் பேசுவதற்கு முன்பே சப்டைட்டில் ஓடிவிடுகிறதே?
- ஒரு வாசகி, ஓசூர்

பதில்: படம் ஓடும்போதே கீபோர்டில் எச் அழுத்துங்கள், ஒவ்வொரு தடவைக்கும் 50 மில்லிசெகண்ட் தள்ளிப்போகும். அதிகமாகிவிட்டால் ஜி. ஆரம்பத்தில் சரியாக இருந்து போகப் போக விலகினால், அந்த சப்டைட்டில் வேறொரு பிரதிக்குச் செய்தது, உங்கள் வீடியோவுக்குப் பொருத்தமானதைத் தேடுங்கள்.