விளையாட்டரங்குகளுக்கு வெளியே நிற்கும் வீரர்களின் சிலைகளில் உங்களை மிகவும் கவர்ந்தது எது, ஏன்?

நியூயார்க்கின் ஃபிளஷிங் மெடோஸில், ஆர்தர் ஆஷ் ஸ்டேடியத்துக்கு வெளியே அமைந்துள்ள அமெரிக்க டென்னிஸ் வீராங்கனை அல்தியா கிப்சனின் சிலைதான் என் பதில். நியூ ஜெர்சியில் வசிக்கும் நான், யு.எஸ். ஓப்பன் டென்னிஸ் போட்டியைப் பார்க்கப் போகும்போதெல்லாம் அந்தச் சிலையருகே சற்று நேரம் நின்ற பிறகே ஆட்டம் பார்க்க உள்ளே செல்வேன்.

கையில் மட்டையோடு பந்தை அடிக்கும் முழு உருவத்தை எதிர்பார்த்து வருபவர்களுக்கு முதல் பார்வையில் ஏமாற்றம்கூடத் தோன்றலாம். சிற்பி எரிக் கோல்டர் பெரிய கிரானைட் பாளங்களை வைத்து, அவற்றுள் ஒன்றைப் பிளந்துகொண்டு கிப்சனின் தலையும் தோளும் வெளிப்படுவதுபோல் செதுக்கியிருக்கிறார். உடலின் மற்ற பகுதி கல்லுக்குள்ளேயே இருக்கிறது. பின்னால் வந்த வீராங்கனைகள் ஏறி நின்ற தோள் அது என்றே நான் எப்போதும் எண்ணிக்கொள்கிறேன். அவருடைய வாழ்க்கையை அறிந்தவர்களுக்கு இதைவிடப் பொருத்தமான வடிவம் கிடைத்திருக்காது என்பது என் உறுதியான கருத்து.

தென் கரோலினாவில் பருத்திக் குத்தகை விவசாயிகளின் குடும்பத்தில் 1927 ஆகஸ்ட் 25 அன்று பிறந்த கிப்சன், நியூயார்க்கின் ஹார்லெம் பகுதியில் வளர்ந்தவர். தெருவில் பேடில் டென்னிஸ் ஆடிக்கொண்டிருந்த அந்தச் சிறுமியின் திறமையைக் கண்ட அக்கம்பக்கத்தார், தங்களுக்குள் பணம் திரட்டி அவரை ஒரு டென்னிஸ் கிளப்பில் சேர்த்துவிட்டார்கள். கறுப்பின வீரர்களுக்கான அமெரிக்க டென்னிஸ் சங்கத்தின் மகளிர் பட்டத்தை 1947 முதல் 1956 வரை தொடர்ச்சியாகப் பத்து முறை வென்றார். ஆயினும், இன்றைய யு.எஸ். ஓப்பனாக மாறியுள்ள அமெரிக்க தேசியப் போட்டியில் அவரால் நுழைய முடியவில்லை. நிறத்தைக் காரணம் காட்டித் தடுக்கும் விதி எதுவும் எழுத்தில் இல்லை. ஆனால் தகுதி பெறுவதற்கு ஆடவேண்டிய போட்டிகளெல்லாம் வெள்ளையர் மட்டுமே நுழையக்கூடிய கிளப்புகளில் நடந்தன. முன்னாள் சாம்பியன் ஆலிஸ் மார்பிள் 1950 ஜூலையில் ஒரு டென்னிஸ் இதழில் இதைக் கடுமையாகக் கண்டித்து எழுதிய பின்னரே, அந்த ஆண்டு ஆகஸ்டில், அப்போட்டி நடந்துவந்த ஃபாரஸ்ட் ஹில்ஸ் அரங்கின் கதவு அவருக்குத் திறந்தது.

அங்கே இரண்டாம் சுற்றில், அப்போதைய விம்பிள்டன் சாம்பியன் லூயிஸ் பிரஃபை எதிர்த்து ஆடிய கிப்சன், கடைசி செட்டில் 7-6 என முன்னிலையில் இருந்தபோது இடியுடன் மழை கொட்டியது. அரங்கத்தின் உச்சியில் இருந்த கற்கழுகு ஒன்று மின்னல் தாக்கிக் கீழே விழுந்ததாகப் பதிவாகியுள்ளது. மறுநாள் ஆட்டம் தொடர்ந்தபோது பிரஃப் அடுத்தடுத்து மூன்று கேம்களை எடுத்து வென்றுவிட்டார். 1956இல் பிரெஞ்சு பட்டத்தை வென்றதன் மூலம் டென்னிஸின் நான்கு பெரும் போட்டிகளான கிராண்ட் ஸ்லாமில் பட்டம் பெற்ற முதல் கறுப்பினத்தவர் ஆனார் கிப்சன். 1957, 1958 ஆகிய இரண்டு ஆண்டுகளிலும் விம்பிள்டனையும் அமெரிக்கப் பட்டத்தையும் வென்றார்.

அத்தனை வெற்றியும் வயிற்றுப்பாட்டுக்கு உதவவில்லை என்பதுதான் என்னால் இன்றும் ஏற்றுக்கொள்ள முடியாத செய்தி. அமெச்சூர் காலமாகையால் பரிசுப் பணம் கிடையாது. ஆகவே, ஹார்லெம் குளோப்டிராட்டர்ஸ் கூடைப்பந்துக் குழுவின் ஆட்டங்களுக்கு முன்னால் காட்சி டென்னிஸ் ஆடிப் பிழைத்தார். பின்னர் மகளிர் தொழில்முறை கோல்ஃபிலும் முதல் கறுப்பின வீராங்கனையாக நுழைந்தார். அங்கும் சில கிளப்புகள் உடை மாற்றும் அறையைக்கூட அவருக்குத் திறந்துவிடவில்லை. 1990களில் நோயும் வறுமையும் சேர்ந்து வாட்டியபோது, 1956இல் அவருடன் இணைந்து விம்பிள்டன் இரட்டையர் பட்டம் வென்ற இங்கிலாந்து வீராங்கனை ஏஞ்சலா பக்ஸ்டன்தான் பத்திரிகை வாயிலாக உதவி கோரினார். யூதர் என்பதால் தாமும் கிப்சனைப் போலவே ஒதுக்கப்பட்டவர் பக்ஸ்டன்; இருவரும் முதலில் பழகியது இந்தியாவில் நடந்த ஒரு போட்டியின்போது என்பது நம்மில் பலர் அறியாதது. முகமறியாத ரசிகர்கள் பல நாடுகளிலிருந்து பணம் அனுப்பினார்கள்.

ஆர்தர் ஆஷ் ஸ்டேடியம் திறக்கப்பட்ட 1997 ஆகஸ்ட் 25, கிப்சனின் 70ஆவது பிறந்தநாள். அரங்கத்துக்குப் பெயர் தந்த கறுப்பின வீரர் ஆஷ் 1968இல் முதல் யு.எஸ். ஓப்பனை வெல்வதற்கு 11 ஆண்டுகளுக்கு முன்பே அமெரிக்கப் பட்டத்தைக் கைப்பற்றியவர் அவர். 2006இல் டென்னிஸ் மையம் முழுவதற்கும் வீராங்கனை பில்லி ஜீன் கிங்கின் பெயர் சூட்டப்பட்டது. ஆஷ், கிங் இருவருமே அந்தப் பெருமைக்கு முற்றிலும் உரியவர்கள். எனினும் அதே வளாகத்தில் கிப்சனுக்கு ஒரு சிலை எழுவதற்கு 2019 ஆகஸ்ட் 26 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. அவர் மறைந்து அதற்குள் பதினாறு ஆண்டுகள் ஆகப்போயின. உயிரோடு இருந்தபோதே செய்திருக்க வேண்டிய மரியாதை இது என்பதில் எனக்குச் சிறிதும் ஐயமில்லை. பில்லி ஜீன் கிங்கே முன்னின்று வலியுறுத்தியதும், திறப்பு விழாவுக்கு 85 வயது பக்ஸ்டன் நேரில் வந்திருந்ததும் ஓரளவு ஆறுதல் தருகின்றன.

முழு உருவத்தில்தான் அவரைப் பார்க்க வேண்டும் என்று விரும்புபவர்கள் நியூ ஜெர்சியின் நூவர்க் நகரிலுள்ள பிராஞ்ச் புரூக் பூங்காவுக்குச் செல்லலாம். 2012இல் அங்கே நிறுவப்பட்ட வெண்கலச் சிலை, பொது டென்னிஸ் ஆடுகளங்களை ஒட்டியே நிற்கிறது. அதைப் பார்ப்பதற்கு நுழைவுச்சீட்டு தேவையில்லை.