இரை எடுக்காத பாம்பும் உறங்காத தாயும்

போன இதழில் பாம்பைப் பற்றி இரண்டே வரி எழுதினேன். அதன் பலன், இம்முறை வந்த கடிதங்களில் நாய்க்கும் பூனைக்கும் இடமே இல்லை. சரி, பக்கம் முழுவதும் பாம்புக்கே.

என் மகன் ராயல் பைத்தான் என்கிற சிறிய வகை மலைப்பாம்பு ஒன்றை வளர்க்கிறான். ஆண், மூன்று வயது, எடை 1,200 கிராம். நவம்பர் தொடக்கத்திலிருந்து ஏழு வாரமாக எதையும் தொடவில்லை. தினமும் மாலையில் உறைந்த எலியை இளக்கி வைக்கிறோம். காலையில் அப்படியே கிடக்கிறது, எடுத்துத் திரும்ப ஃப்ரீசரில் வைத்துவிடுகிறேன். இப்போது எடை 1,160. "வாயில்லா ஜீவன் பட்டினி கிடக்கிறதே" என்று என் மாமியார் கண் கலங்குகிறார். எனக்கும் தூக்கமில்லை. வாயைத் திறந்து ஊட்டிவிடலாமா?
*- வாசகி, ஈஸ்ட் ஹாம், லண்டன்*

ஊட்டாதீர்கள் அம்மா. குழந்தைக்குச் சோறு ஊட்டுகிற பழக்கம் நம் கையை விட்டுப் போகாது, தெரியும். ஆனால் பாம்பின் வாயை வலிந்து திறந்தால் பல் உடையும், தொண்டை கிழியும், அந்த அச்சத்தில் இன்னும் ஒரு மாதம் எலியைத் திரும்பிப் பார்க்காது. அது மருத்துவர் கையால், வேறு வழியே இல்லாதபோது செய்கிற வேலை.

முதலில் கணக்கைப் பாருங்கள். ஏழு வாரத்தில் குறைந்த எடை 40 கிராம், நூற்றுக்கு மூன்று சொச்சம். வளர்ந்த ஆண் ராயல் பைத்தான் குளிர்காலத்தில் இரண்டு மூன்று மாதம் இரை எடுக்காமல் இருப்பது சாதாரணம். பத்து சதவீதத்துக்கு மேல் எடை இறங்கினாலோ, மூச்சு விடும்போது சீறலான ஓசை வந்தாலோ, வாயோரம் நுரை கட்டினாலோ, முதுகெலும்பு கூரையின் முகடு போலத் துருத்தினாலோ ஊர்வனவற்றைப் பார்க்கும் மருத்துவரிடம் கொண்டுபோங்கள். அதுவரை வாரம் ஒருமுறை எடை போட்டுக் குறித்து வந்தால் போதும். அதற்குத் தனித் தராசு வாங்குங்கள், மாவு நிறுக்கும் தராசு வேண்டாம்.

இனி உங்கள் வீட்டில் நடக்கும் தவறுகள். முதலாவது, தினமும் வைப்பது. நம் வீட்டில் மூன்று வேளை அடுப்பு எரிகிறது என்பதற்காகப் பாம்புக்குப் பசி வராது. இந்த எடைக்கு 60 முதல் 80 கிராம் எலி ஒன்று, இரண்டு மூன்று வாரத்துக்கு ஒருமுறை என்றால் தாராளம். அது மறுக்கும் காலத்தில் 10 முதல் 14 நாளுக்கு ஒருமுறை காட்டிப் பார்த்தால் போதும். தினமும் மூக்கின் முன் எலியை நீட்டினால் அந்தப் பெட்டியே அதற்குத் தொல்லையாகிவிடுகிறது.

இரண்டாவது, இரவெல்லாம் வெதுவெதுப்பான பெட்டியில் கிடந்த எலியை மறுபடி உறைய வைப்பது. கேட்கவே வயிறு கலங்குகிறது. தொடாத இரை காலையில் நேரே குப்பைக்குப் போக வேண்டும்.

மூன்றாவதை நீங்கள் எழுதவில்லை, நானே ஊகிக்கிறேன். நவம்பரில் எரிவாயுக் கட்டணத்துக்குப் பயந்து வீட்டுச் சூட்டைக் குறைத்திருப்பீர்கள். பெட்டியின் சூடான மூலை 31 முதல் 33 டிகிரி செல்சியஸ் இருக்க வேண்டும், குளிர்ந்த மூலை 25 டிகிரி அளவில். கையால் தொட்டுப் பார்த்துச் சொல்லாதீர்கள், வெப்பமானி வையுங்கள். வெப்பத் தகட்டைக் கட்டாயம் சூட்டைத் தானே கட்டுப்படுத்தும் தெர்மோஸ்டாட்டோடு இணையுங்கள். உடம்புக்குள் செரிக்கும் சூடு இல்லை என்றால் பாம்பு வாயைத் திறக்காது. அது அதன் புத்திசாலித்தனம்.

எலியின் சூடும் முக்கியம். உங்கள் பாம்பின் மேலுதட்டை விளக்கொளியில் உற்றுப் பாருங்கள், செதில்களில் ஊசியால் குத்தியது போலச் சிறு குழிகள் தெரியும். சூட்டை உணர்வது அவற்றால்தான். ஆறிப்போன எலி அதற்கு ஒரு துணிப்பந்து. முந்தின இரவு எலியைப் பையில் கட்டி, சாப்பாடு வைக்காத தனிக் குளிர்பெட்டியில் இளக விடுங்கள். கொடுப்பதற்கு முன் அதே பையோடு வெந்நீரில் வைத்து, தலைப்பக்கம் 38 டிகிரி வரும்படி சூடாக்கி, ஈரம் துடைத்து, நீண்ட இடுக்கியில் பிடித்து, இருட்டிய பின் காட்டுங்கள். மைக்ரோவேவ் அடுப்பில் மட்டும் வேண்டாம், வெளியே வெந்தும் உள்ளே உறைந்தும் நிற்கும், சில சமயம் வெடிக்கும். இரையில் மனம் இருந்தால் நாக்கு நீட்டுவது நிதானமாகும், கழுத்து மெல்லப் பின்வாங்கி வளையும். அந்த நொடியில் இடுக்கியை ஆட்டாதீர்கள். தலையைத் திருப்பிக்கொண்டு போனால் அன்றைக்கு விட்டுவிடுங்கள்.

கண் பால் பூத்தது போல நீலம் பாய்ந்திருந்தால் சட்டை உரிக்கப் போகிறது. அப்போதும் பெரும்பாலும் தின்னாது, முயலவே வேண்டாம். தண்ணீர்க் கிண்ணம் மட்டும் என்றும் நிறைந்திருக்கட்டும். மாமியாரிடம் சொல்லுங்கள், அது பட்டினி இல்லை, விரதம். அவருக்குப் புரியும்.

நாங்கள் சுத்த சைவம். கல்லூரிக்குப் போகும் மகள் கார்ன் ஸ்னேக் என்கிற விஷமில்லாத அமெரிக்கப் பாம்பை வாங்கி வந்துவிட்டாள். இட்லி மாவுக்குப் பக்கத்தில் செத்த எலியா என்று இவர் குதிக்கிறார். காய்கறி, பனீர், அவித்த முட்டை பழக்க முடியாதா? மிஞ்சிப்போனால் எலும்பில்லாத கோழித் துண்டு?
*- வாசகி, ஸ்கார்பரோ, கனடா*

பழக்க முடியாது. உலகத்தில் சைவப் பாம்பு கிடையாது. ஆப்பிரிக்காவில் முட்டை மட்டுமே தின்று வாழும் பாம்பு உண்டு. ஆனால் அதற்குச் சிறு பறவைகளின் பச்சை முட்டை வேண்டும். அது உங்கள் மகளின் பாம்பு இல்லை.

எலும்பில்லாத கோழிதான் இருப்பதிலேயே மோசமான சமரசம். பாம்பு எலியை முழுசாக விழுங்குவதில் ஒரு கணக்கு இருக்கிறது. எலும்பில் சுண்ணாம்புச்சத்து, ஈரலில் வைட்டமின் ஏ, குடலிலும் தோலிலும் மற்றவை. வெறும் தசையில் பாஸ்பரஸ் மிகுதி, கால்சியம் சொற்பம். மாதக்கணக்கில் அதையே கொடுத்தால் உடம்பு தன் எலும்பையே கரைத்துக்கொள்ளும். கொம்பு போல நிமிர்ந்திருந்த முதுகு கோணிப்போன பாம்பை மேசையில் கிடத்திப் பார்த்திருக்கிறேன், மறக்க முடியவில்லை. மீன் தின்னும் கார்ட்டர் பாம்பு வைத்திருப்பவர்களுக்கும் இதே எச்சரிக்கை வேறு வடிவில் உண்டு. தங்கமீனை மட்டுமே போட்டால் அதிலுள்ள ஒரு நொதி வைட்டமின் பி1-ஐ அழித்து, பாம்புக்கு வலிப்பு வரும்.

உங்கள் கணவர் சொல்வதிலும் நியாயம் இருக்கிறது. எலி, இட்லி மாவு இரண்டும் ஒரே பெட்டியில் இருக்கக் கூடாது. காரணம் ஆசாரமில்லை, சால்மொனெல்லா கிருமி. மகளின் அறையில் சின்ன ஃப்ரீசர், தனிப் பாத்திரம், தனி இடுக்கி. சமையலறைத் தொட்டியில் எலியை இளக்கவோ பாம்பின் கிண்ணத்தைக் கழுவவோ கூடாது. தொட்ட கையைச் சோப்புப் போட்டுக் கழுவ வேண்டும். ஐந்து வயதுக்குட்பட்ட குழந்தை இருந்தால் பாம்பைத் தொட விடாதீர்கள்.

இவ்வளவும் முடியாது என்றால் பாம்பை வேறு நல்ல இடத்தில் கொடுத்துவிட்டுக் கினிப்பன்றி வாங்கச் சொல்லுங்கள். புல் தின்னும், எல்லோருக்கும் நிம்மதி. மனிதர்களின் விரதத்தைப் பிராணியின் தலையில் கட்டுவதை மட்டும் நான் ஒருபோதும் ஆதரிக்க மாட்டேன்.

என் கார்ன் ஸ்னேக் எலி விழுங்கிய மறுநாள் அப்படியே கக்கிவிட்டது. உடனே வேறு எலி கொடுத்தேன், அதையும் கக்கியது. ஏன்?
*- வாசகர், பாரிஸ்*

விழுங்கிய பிறகு கையில் எடுத்தீர்களா? உண்மையைச் சொல்லுங்கள்.

நானும் செய்திருக்கிறேன். வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒரு மீட்பு மையத்துக்குப் போய்வருவேன். கிணற்றில் விழுந்து மீட்கப்பட்ட மலைப்பாம்பு ஒன்று அங்கே முதல்முறையாகக் கோழி விழுங்கியிருந்தது. மறுநாள் கல்லூரி மாணவிகள் வந்தார்கள். காட்டிப் பெருமைப்படும் ஆசையில் இரண்டு பேராகத் தூக்கினோம். கழுத்தில் ஓர் அலை எழும்பியது, அவ்வளவுதான். பாதி செரித்த கோழி, இறகோடும் சளியோடும், என் காஞ்சிப் பருத்திச் சேலையின் மடிப்பில். அந்த நாற்றம் மூன்று சலவைக்குப் பிறகும் போகவில்லை. மாணவிகளில் ஒருத்தி மயங்கி விழுந்தாள்.

இரை எடுத்த பாம்பை 48 மணி நேரம் தொடாதீர்கள். சூடான மூலை 29 அல்லது 30 டிகிரி இருக்கிறதா பாருங்கள். எலியின் பருமன் பாம்பின் உடல் அகலமான இடத்தைப்போல் ஒன்றரை மடங்கைத் தாண்டக் கூடாது. கக்கும்போது வயிற்று அமிலம் உணவுக்குழாயைப் பொசுக்கிவிடுகிறது, அதனால்தான் உடனே கொடுத்த இரண்டாம் எலியும் தங்கவில்லை. இரண்டு வாரம் தண்ணீர் மட்டும். பிறகு பாதி அளவு எலி. அதையும் கக்கினால் மலத்தைப் பரிசோதிக்க வேண்டும், ஒட்டுண்ணியாக இருக்கலாம்.

எலி உயிரோடு வேண்டாம். பசியில்லாத பாம்போடு விட்ட எலி, பாம்பையே கடித்துக் குதறிய கதைகள் உண்டு.

ஆடி மாதத்தில் புற்றுக்குப் பால் ஊற்றுகிறோம். பாம்பு பால் குடிக்காது என்கிறான் பேரன். பாம்பாட்டியின் பாம்பு குடித்ததை நானே பார்த்திருக்கிறேனே?
*- வாசகர், கும்பகோணம்*

பேரன் சொல்வது சரி. பல நாள் தண்ணீர் காட்டாமல் வைத்திருந்த பாம்பு, கிண்ணத்தில் எந்த ஈரம் இருந்தாலும் குடிக்கும். நீங்கள் பார்த்தது பக்தியை அல்ல ஐயா, தாகத்தை. பால் அதற்குச் செரிக்காது, வயிற்றைக் கெடுக்கும். புற்றைக் கட்டியது கறையான், நீங்கள் ஊற்றும் பாலில் நனைவதும் கறையான் வீடுதான். மஞ்சளும் பூவும் வைத்துக் கும்பிடுங்கள், யாருக்கும் கேடில்லை.

அண்ணன் தோட்டத்தில் சாரைப்பாம்பு ஒன்றைப் பிடித்து மீன்தொட்டியில் வைத்திருக்கிறான். நான்கு நாளாக அவித்த முட்டை வைக்கிறோம், தின்னவில்லை. வேறு என்ன தரலாம்?
*- வாசகி, தூத்துக்குடி*

எதுவும் தர வேண்டாம், வனத்துறைக்குத் தகவல் சொல்லி இன்றைக்கே ஒப்படையுங்கள். 1972-ஆம் ஆண்டு வன உயிரினப் பாதுகாப்புச் சட்டப்படி சாரை போன்ற நம் நாட்டுப் பாம்புகளை வீட்டில் வைத்திருப்பது குற்றம், சிறைக்குப் போகும் குற்றம். வெளிநாட்டு ராயல் பைத்தான் போன்றவற்றையும் அரசிடம் பதிவு செய்யாமல் இங்கே வைத்திருக்க முடியாது. புதிதாகப் பிடிபட்ட பாம்பு பயத்தில் தின்னாது. தோட்டத்தில் இருந்தவரை எலியும் தவளையும் அதுவே தேடித் தின்றுகொண்டிருந்தது. அவித்த முட்டையை அண்ணனுக்கே கொடுங்கள்.