ஒரு நாள் பிசகு – கடிதம்

அன்புள்ள ஐயா,

ஸ்டார்டியூ வேலி என்ற விவசாயக் கணினி விளையாட்டில் இரண்டாம் வருடக் கோடை, 10ஆம் தேதியில் நிற்கிறேன். போன வசந்தத்தில் 16ஆம் தேதி புது இடத்தைக் கொத்தி, நடுவே ஸ்பிரிங்க்ளர் வைத்து, காலிஃபிளவர் நட்டேன். 12 நாள் பயிர், 28ஆம் தேதி பறிக்கலாம் என்று கணக்கு. 28ஆம் தேதி பார்த்தால் விளையவில்லை, மறுநாள் எல்லாம் கருகிக் கிடந்தது. முட்டைத் திருவிழாவில் வாங்கிய ஸ்ட்ராபெரியை 17ஆம் தேதி நட்டேன், ஒரே ஒரு பறிப்புதான் கிடைத்தது. இப்போது ப்ளூபெரிக்குத் தரமான உரம் போட்டும் நட்சத்திரக் காய் (உயர்தரக் காய்) அதிகம் வரவில்லை. ஒயின்தான் லாபம் என்கிறார்கள். என்னிடம் பத்து கெக் (ஒயின் ஊறும் பீப்பாய்) இருக்கிறது, பத்திலும் ப்ளூபெரி ஒயின்தான், ஆனால் பெட்டியில் ப்ளூபெரி குவிந்துகொண்டே போகிறது. எங்கே தவறு? இன்னொன்று, ஆட்டத்தில் வரும் ஊர்ப்பெண் அபிகெய்லின் பிறந்தநாளுக்குப் பூசணி கொடுக்க வழி உண்டா?

கே.

அன்புள்ள கே.,

உங்கள் கணக்கு சரி. 28-லிருந்து வளரும் நாளைக் கழித்தால் நடவுக்கான கடைசித் தேதி வரும், காலிஃபிளவருக்கு அது 16. ஆனால் அந்தக் கணக்கில் ஒரு நாள்கூட மிச்சம் இல்லை. ஸ்பிரிங்க்ளர் காலையில் நாள் தொடங்கும்போது மட்டும்தான் தண்ணீர் விடும். நீங்கள் மண்ணைக் கொத்தியதும் ஸ்பிரிங்க்ளரை வைத்ததும் அதற்குப் பிறகு. ஆகவே 16ஆம் தேதி முழுக்க அந்தக் கட்டங்கள் காய்ந்தே கிடந்திருக்கின்றன. இந்த ஆட்டத்தில் தண்ணீர் விடாத செடி சாகாது, அன்றைக்கு வளராது, அவ்வளவுதான். உங்கள் காலிஃபிளவரின் முதல் நாள் 17ஆம் தேதியாகிவிட்டது. பறிப்பு 29-க்குப் போகும், பருவத்துக்கு 28 நாள்தான், 29 என்று ஒரு தேதி அங்கே இல்லை.

நட்ட கையோடு பூவாளியை எடுத்து ஒரு சுற்று ஊற்றியிருந்தால் அத்தனையும் பிழைத்திருக்கும். புதிதாகக் கொத்திய மண் வெளிர் நிறமாக இருக்கும், நனைந்த மண் கருத்துத் தெரியும். விதை போட்டபின் நிறத்தைப் பார்த்துவிட்டு நகருங்கள். முந்தைய நாளே கொத்தி, ஸ்பிரிங்க்ளரையும் வைத்துவிட்டால் காலையில் ஈர மண்ணில் நடலாம், பூவாளியே வேண்டாம்.

ஸ்ட்ராபெரிக்கு 8 நாள், பிறகு 4 நாளுக்கு ஒரு பறிப்பு. திருவிழா 13ஆம் தேதி. அன்று இரவே நட்டுவிட வேண்டும், இல்லாவிட்டால் போச்சு என்று பலர் சொல்வார்கள். எண்ணிப் பாருங்கள்: 13-ல் நட்டால் 21, 25. 16-ல் நட்டால் 24, 28. இரண்டுமே இரண்டு பறிப்புதான். அன்றிரவே நடுவதில் கூடுதல் காய் வருவதில்லை. தண்ணீர் தவறினால் தாங்குவதற்கு மூன்று நாள் கையிருப்பு கிடைக்கிறது, அதுதான் லாபம். நீங்கள் நட்ட 17-லிருந்து எண்ணினால் 25, அடுத்தது 29. மறுபடியும் அந்த இல்லாத தேதி! 100 ஜி (ஆட்டத்தின் காசு) விதைக்கு 120 ஜி பழம் ஒன்று.

இரண்டாம் வருடத்தில் ஸ்ட்ராபெரியைத் திருவிழாவுக்குப் பிறகு நடுவதே வீண். முதல் வருடத் திருவிழாவில் வாங்கும் விதையில் ஒரு பங்கைப் பெட்டியில் போட்டு வைத்திருக்க வேண்டும், விதை கெடாது. வசந்தம் 1ஆம் தேதி நட்டால் 9, 13, 17, 21, 25 என ஐந்து பறிப்பு. அதே 100 ஜி விதைக்கு 600 ஜி. மூன்றாம் வருடத்தைத் தவற விட்டாலும், வரும் வசந்தத் திருவிழாவில் நான்காம் வருடத்துக்காவது வாங்கி வையுங்கள்.

உரம் வீணானதற்குக் காரணம் வேறு. ப்ளூபெரிச் செடி ஒரு பறிப்புக்கு மூன்று காய் தரும். அதில் ஒரு காய்க்குத்தான் தரம் பார்க்கப்படும், மற்ற இரண்டும் எப்போதும் சாதாரணம். கிரான்பெரியும் அப்படியே. தரமான உரத்தை மெலன், பூசணி போல ஒரு செடிக்கு ஒரு காய் தருகிறவற்றுக்கு வைத்துக்கொள்ளுங்கள். சமுதாயக் கூடத்தைச் சீரமைக்கக் கொடுக்க வேண்டிய தொகுப்புகளில் ஒன்றான தரப் பயிர்க் கட்டுக்குத் தங்க நட்சத்திரக் காய்கள் ஐந்தைந்தாகக் கேட்பார்கள், உரம் அங்கேதான் வேலை செய்யும்.

இப்போது ஒயின். கெக்கில் போட்ட பழம் அடிப்படை விலையைப் போல மூன்று மடங்கு. ஊறுகாய் ஜாடியில் போட்டால் இரண்டு மடங்கோடு 50 ஜி. ப்ளூபெரியின் அடிப்படை விலை 50. ஒயின் 150, ஜாம் 150, ஒரு காசு வித்தியாசமில்லை. ஆனால் ஒயினுக்கு ஏழு நாள், ஜாமுக்கு மூன்று நாளுக்குள். அதாவது ஒரு கெக் ஒரு ப்ளூபெரியை முடிக்கும் நேரத்தில் ஒரு ஜாடி இரண்டை முடித்துவிடும். பெட்டியில் குவியாமல் என்ன செய்யும்? ஜாடி செய்யவும் சுலபம்: 50 மரம், 40 கல், 8 கரி. கெக்குக்கு 30 மரமும் செம்பு, இரும்புக் கட்டி ஒவ்வொன்றும் போதும், ஆனால் ஓக் பிசின் வேண்டும், அதற்கு மரத்தில் குழாய் செருகிவிட்டு ஏறத்தாழ ஒரு வாரம் காத்திருக்க வேண்டும்.

மெலன் 250 ஜி. ஒயினாக்கினால் 750, ஜாமாக்கினால் 550. ஒயின்தான் பெரிதாகத் தெரியும். பச்சையாக விற்பதைவிடக் கூடுதலாக வருவதை மட்டும் எடுத்து நாளால் வகுங்கள்: ஒயினில் 500 ஜி ஏழு நாளுக்கு, ஜாமில் 300 ஜி மூன்று நாளுக்கு. மெலன் நிறைய, பாத்திரம் குறைவு என்றால் ஜாடிதான். மெலன் நாலைந்துதான், கெக் சும்மா நிற்கிறது என்றால் ஒயின். ‘ஒயின்தான் லாபம்’ என்பது கெக் அடுக்கி வைத்திருப்பவர்களின் பேச்சு. இன்னொன்று, உள்ளே போகும் காயின் நட்சத்திரத்தை இரண்டுமே பார்ப்பதில்லை. தங்க நட்சத்திர மெலனைப் பச்சையாக 375-க்கு விற்றுவிட்டுச் சாதாரணத்தை உள்ளே போடுங்கள்.

சரி, பத்து கெக்கை என்ன செய்வது? ஹாப்ஸ், பீருக்கான கொடிப்பயிர். விதை 60 ஜி, 11 நாளில் காய்த்து அதன்பின் தினமும் ஒன்று தரும். பச்சையாக விற்றால் 25 ஜி, பார்க்கவே பரிதாபம். கெக்கில் போட்டால் பேல் ஏல் என்ற பீர், 300 ஜி. இன்று காலை போட்டால் நாளை மாலைக்குள் தயார். இன்று 10ஆம் தேதி நட்டுத் தண்ணீர் ஊற்றினால் 21 முதல் 28 வரை செடிக்கு எட்டு பறிப்பு. பத்து கெக்குக்கு ஐந்து செடி சரியாகப் போதும்: தினம் ஐந்து ஹாப்ஸ், ஒருநாள் விட்டு ஒருநாள் பத்துப் பத்தாக உள்ளே போகும். மொத்தம் 40 ஹாப்ஸ், 12,000 ஜி, விதைச் செலவு 300. வரிசையாக நடுங்கள். பந்தலில் ஏறும் செடி என்பதால் அதன் மேல் நடக்க முடியாது. சதுரமாக நட்டால் நடுவில் உள்ளதைப் பறிக்கக் கை எட்டாது. உள்ளே இருக்கும் ப்ளூபெரி ஒயின் 21-க்குள் முடிந்துவிடும், இடையில் அதைக் கொட்ட வேண்டாம்.

மெலனுக்கு இந்தக் கோடையில் கடைசி நாள் 16. ப்ளூபெரிக்கு 15, அதுவும் ஒற்றைப் பறிப்புக்காக, வேண்டாம்.

பூசணிக்கு வருகிறேன். அபிகெய்லின் பிறந்தநாள் இலையுதிர் 13. பூசணிக்கு 13 நாள், 1ஆம் தேதி நட்டால் 14-ல் விளையும். ஒரே ஒரு நாள் பிந்தும், ஆட்டத்தை உருவாக்கிய எரிக் பரோனின் குறும்பு என்றே நினைக்கத் தோன்றும். முதல் வருடப் பூசணி ஒன்று பெட்டியில் கிடந்தால் பிரச்சினையே இல்லை, அது கெடாது. இல்லையென்றால் இலையுதிர் 1 திங்கட்கிழமை, ஊர்க் கடைக்காரர் பியரின் (Pierre) கடை 9 மணிக்குத் திறக்கும். பூசணி விதையோடு, வளர்ச்சியை வேகமாக்கும் ஸ்பீட்-க்ரோ உரம் ஒன்றும் வாங்கி ஒரே ஒரு செடிக்குப் போடுங்கள், உரத்துக்கான 100 ஜி கூடுதல் செலவில் 13-க்கு முன் காய் கையில் இருக்கும். பிறந்தநாளில் கொடுத்தால் நட்பு எட்டு மடங்கு ஏறும். அன்றைக்கே நட்டு அன்றைக்கே தண்ணீர் ஊற்றுங்கள். மண் கருத்திருக்கிறதா என்று பார்க்க மறக்க வேண்டாம்.