ஜகார்த்தாவின் ‘சிதாயம் ஃபேஷன் வீக்’ என்பது என்ன?

2022 ஜூலையில் ஜகார்த்தாவின் டுக்கு அத்தாஸ் பகுதியில் பெரிதாகப் பேசப்பட்டது இது. பெயர்தான் ஃபேஷன் வீக்; மேடை, டிக்கெட் எதுவும் கிடையாது. சிதாயம், போஜோங்கெடே, டெபோக் போன்ற புறநகர்களிலிருந்து மின்சார ரயிலில் வந்த பதின்வயதினர், உயர்ந்த அலுவலகக் கட்டடங்களுக்கு நடுவே சாலையைக் கடக்கும் வெள்ளைக் கோடுகளில் ஒய்யாரமாக நடந்தார்கள். உடைகள் பெரும்பாலும் மலிவானவை. டிக்டாக் அதை நாடெங்கும் கொண்டுபோனது. அப்புறம் பிரபல நடிகர் ஒருவரின் நிறுவனம் அந்தப் பெயரையே வணிகமுத்திரையாகப் பதிய விண்ணப்பித்து, எதிர்ப்பு கிளம்பியதும் பின்வாங்கியது.

இதை வெறும் மோகம் என்று ஒதுக்கிவிடக் கூடாது. காசு செலவழிக்காமல் கூடிப் பேச இடம் கிடைப்பதே அரிதான மாநகரின் நடுவில், எளிய வீட்டுப் பிள்ளைகள் தங்களுக்கும் உரிமை உண்டு என்று காட்டினார்கள். போக்குவரத்து நெரிசலைக் காரணம் காட்டி, அந்த மாதக் கடைசியிலேயே அதிகாரிகள் அந்த நடையை நிறுத்தினார்கள்.