நெட்டில் படித்த சட்டப் பிரிவை நம்பிப் புகார் கொடுக்கலாமா?

கேள்வி: காவேரிப்பட்டினத்தில் மாங்காய் மண்டி வைத்திருக்கிறேன். மகள் தருமபுரியில் கல்லூரியில் படிக்கிறாள். அவள் பெயரிலும் படத்திலும் யாரோ இன்ஸ்டாகிராமில் போலிக் கணக்கு தொடங்கி, ஆபாசமாக எழுதி, கூடப் படிக்கும் பிள்ளைகளுக்கு அனுப்புகிறார்கள். நெட்டில் தேடியபோது தமிழில் ஒரு கட்டுரை கிடைத்தது. ‘சைபர் புல்லியிங் (இணையவழித் துன்புறுத்தல்) சட்டம், 66ஏ பிரிவுப்படி 3 ஆண்டு சிறை’ என்று இருந்தது. அதைப் பிரிண்ட் எடுத்துக்கொண்டு உள்ளூர் காவல் நிலையம் போனேன். “இது செல்லாத பிரிவு, தருமபுரியில போய்க் கொடுங்க” என்று அனுப்பிவிட்டார்கள். யார் சொல்வது சரி ஐயா? 4,999 ரூபாய் கட்டினால் கணக்கை நீக்கித் தருவதாகவும் அந்தத் தளத்தில் போட்டிருக்கிறது.

பதில்: பிரிவு விஷயத்தில் போலீஸ் சொன்னது சரி. உங்களைத் திருப்பி அனுப்பியது தப்பு.

இணையத்தில் புண்படுத்தும் செய்தி அனுப்புவதைக் குற்றமாக்கிய, தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66ஏ பிரிவை ஸ்ரேயா சிங்கால் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2015 மார்ச் 24-ஆம் தேதியே ரத்து செய்துவிட்டது. அதற்கப்புறமும் பல இடங்களில் அதே பிரிவில் வழக்குப் போட்டுக்கொண்டிருந்தார்கள். 2022-இல் உச்ச நீதிமன்றம் மறுபடி உத்தரவு போட வேண்டியதாயிற்று. காரணம் ஒன்றும் பெரிய ரகசியமில்லை. அச்சான சட்டப் புத்தகத்தில் 66ஏ முழுசாக அப்படியே இருக்கும், ரத்தான சேதி கீழே பொடி எழுத்தில் அடிக்குறிப்பாக வரும். மேலே உள்ளதை மட்டும் பார்த்து ஒருவர் எழுதுவார், அதை நாலு தளங்கள் காப்பி அடிக்கும். அதனால் ‘பத்துத் தளத்தில் இதையேதான் போட்டிருக்கிறான்’ என்பது சாட்சியே ஆகாது.

நீங்கள் அனுப்பிய பிரிண்டை முழுக்கப் படித்தேன். எழுதியவர் பெயர் இல்லை, ‘சட்ட நிபுணர் குழு’ என்று மொட்டையாக இருக்கிறது. எழுதிய தேதியும் இல்லை. சட்டக் கட்டுரைக்குத் தேதி இல்லையென்றால் நான் அதற்கு மேல் படிப்பதில்லை. அப்புறம், ‘ஒவ்வொரு பள்ளியும் மாநிலச் சட்டப்படி புல்லியிங் தடுப்புக் கொள்கை வைத்திருக்க வேண்டும்’ என்று ஒரு பத்தி வருகிறது. அது அமெரிக்க மாநிலங்களின் கதை. அங்கே அதற்கென்றே சட்டங்கள் உண்டு. நம் நாட்டில் ‘சைபர் புல்லியிங் சட்டம்’ என்று தனியாக ஒன்று கிடையாது. நடந்த செயலைப் பார்த்து வெவ்வேறு பிரிவுகள் பாயும்.

கடைசிப் பக்கத்தில் இந்திய தண்டனைச் சட்டம் 354டி (பெண்ணைப் பின்தொடர்ந்து தொல்லை செய்வது), 509 (பெண்ணின் மானத்தை இழிவுபடுத்துவது) என்று இருக்கிறது. இதைப் பார்த்ததும் தள்ளிவிட முடியாது. 2024 ஜூலை 1-க்கு முன் நடந்த குற்றத்துக்கு இன்றைக்கும் அந்தப் பழைய எண்கள்தான். அன்று முதல் நடந்ததற்கு, அதற்குப் பதிலாக வந்த புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதா: 354டி இப்போது 78, 509 இப்போது 79. உங்கள் மகள் விஷயம் போன மாதம்தான் ஆரம்பித்தது என்கிறீர்கள், ஆகவே புது எண்தான்.

சரிபார்க்க ஆசைப்பட்டால் மத்திய அரசின் ‘இந்தியா கோட்’ தளத்தில் மூலச் சட்டத்தையே திறந்து பாருங்கள், அடிக்குறிப்போடு. அரசுத் தளத்தின் முகவரி பெரும்பாலும் ‘ஜிஓவி டாட் இன்’ அல்லது ‘என்ஐசி டாட் இன்’ என்று முடியும். ‘ஜிஓவி’ என்ற எழுத்துகளை நடுவில் வைத்துவிட்டு முடிவில் வேறு எதையோ போடுகிற தளங்களும் இருக்கின்றன; முகவரியின் வாலைப் பாருங்கள்.

உண்மையில் பிரிவு எண்ணைக் கண்டுபிடிப்பது உங்கள் வேலையே இல்லை. நடந்ததைத் தேதி வாரியாக எழுதிக் கொடுங்கள், பிரிவை அவர்கள் போடட்டும். நீங்கள் சொன்னதை வைத்துப் பார்த்தால் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தில் 66டி, அதாவது கணினி வழி ஆள்மாறாட்ட மோசடி, ஆபாசப் பதிவுக்கு 67, நியாய சன்ஹிதாவில் 79 ஆகியவை பொருந்தும் என்று நினைக்கிறேன். 67-இல் முதல் தடவைக்கே 3 ஆண்டு வரை சிறையும் 5 லட்சம் வரை அபராதமும் உண்டு.

தகவல் தொழில்நுட்பச் சட்டக் குற்றத்தை இன்ஸ்பெக்டர் அல்லது அதற்கு மேற்பட்டவர்தான் விசாரிக்க முடியும் என்பது நிஜம். ஆனால் அது விசாரணைக்கு. புகாரை எந்த ஊர்க் காவல் நிலையத்திலும் வாங்கியாக வேண்டும். ஜீரோ எஃப்ஐஆர், அதாவது தங்கள் எல்லைக்கு வெளியே நடந்த குற்றத்துக்கும் முதல் தகவல் அறிக்கை, போட்டுத் தருமபுரிக்கு அனுப்புவது அவர்கள் பொறுப்பு. மறுபடியும் மறுத்தால், புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா 173(4)-ஐக் குறிப்பிட்டு கிருஷ்ணகிரி எஸ்.பி.க்குப் பதிவுத் தபால் போடுங்கள். தேசிய சைபர் கிரைம் போர்ட்டலிலும் பதியலாம். 1930 என்ற சைபர் கிரைம் உதவி எண் முக்கியமாகப் பணம் பறிபோனவர்களுக்கானது.

இன்ஸ்டாகிராமில் ரிப்போர்ட் அடிப்பதற்கு முன்னால் ஒரு வேலை. அந்தப் போலிக் கணக்கின் முழு முகவரியும், தேதியும் நேரமும் தெரிகிற மாதிரி ஸ்கிரீன்ஷாட் எடுத்துவிடுங்கள். கணக்கின் பெயரை அவன் நொடியில் மாற்றிவிடுவான். மெசேஜ் வந்த பிள்ளைகளிடமும் எதையும் அழிக்க வேண்டாம் என்று மகளைச் சொல்லச் சொல்லுங்கள்; அந்த போன்கள் சாட்சியமாகத் தேவைப்படலாம்.

அந்த 4,999 ரூபாயைக் கட்டாதீர்கள். போலிக் கணக்கைப் பற்றிப் புகார் கொடுக்க இன்ஸ்டாகிராம் காசு வாங்குவதில்லை. மகளின் ஆதார் நகலையோ பாஸ்வேர்டையோ அந்தத் தளத்துக்கு ஏற்கெனவே அனுப்பியிருந்தால், பாஸ்வேர்டை இன்றைக்கே மாற்றிவிட்டு, புகாரில் அதையும் ஒரு வரி சேர்த்து எழுதுங்கள்.