நோட்டரி முத்திரை பதிவு ஆகாது

கேள்வி: நானும் என் மைத்துனரும் பார்ட்னர்ஷிப்பில், ஒரு அரசு அலுவலகத்துக்குத் துப்புரவு ஆட்களும் காவலாளிகளும் அனுப்பும் காண்ட்ராக்ட் எடுத்திருந்தோம். 3 வருட ஒப்பந்தம். 14-வது மாதம் ஒரே ஒரு கடிதம் வந்தது: சேவை திருப்தி இல்லை, ஒப்பந்தம் ரத்து, டெபாசிட் பறிமுதல், 5 வருடத்துக்கு டெண்டர் போடக்கூடாது. அதற்கு முன்னால் ஒரு நோட்டீஸ்கூட இல்லை. கோர்ட்டுக்குப் போனால் காண்ட்ராக்ட் திரும்பக் கிடைக்குமா?
- பெயர் வேண்டாம் என்ற வாசகர், திண்டுக்கல்

பதில்: உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்கு பஸ் ஏறுவதற்கு முன்னால் பீரோவைத் திறந்து பார்ட்னர்ஷிப் பத்திரத்தை எடுங்கள். முத்திரைத்தாளில் டைப் அடித்து நோட்டரியிடம் கையெழுத்து வாங்கியதையே பதிவு என்று நினைத்துக்கொண்டிருப்பவர்கள் ஏராளம். அது பதிவு இல்லை. மாவட்டப் பதிவாளரிடம் இருக்கும் நிறுவனங்கள் பதிவேட்டில் உங்கள் ஃபர்ம் ஏறியிருக்க வேண்டும். இல்லையென்றால், ஒப்பந்தத்தில் வரும் உரிமைக்காக வெளியாள் மீது, அது அரசாங்கமே ஆனாலும், நீங்கள் சிவில் வழக்குப் போட முடியாது என்கிறது 1932-ம் வருட பார்ட்னர்ஷிப் சட்டத்தின் 69-வது பிரிவு. பதிவு செய்த ஃபர்மிலும் ஒரு சிக்கல் வரும். அப்பா ஒதுங்கி மகன் உள்ளே வந்திருப்பார், பத்திரமும் புதிதாக எழுதியிருப்பார்கள், பதிவேட்டில் மட்டும் இன்னும் அப்பா பெயரே இருக்கும். வழக்குப் போடும் நாளில் பார்ட்னராக இருப்பவர்கள் பெயர் அதில் இருந்தாக வேண்டும். எதிர்த்தரப்பு வக்கீல் முதலில் தேடுவதே இதைத்தான்.

வழக்குப் போட்டுவிட்டு அப்புறம் பதிவு செய்துகொள்ளலாம் என்றால் அந்த வழக்கு பிழைக்காது. பதிவை முடித்துக்கொண்டு, 3 வருடக் கெடுவுக்குள் புதிதாகப் போடலாம், அவ்வளவுதான். ஒப்பந்தத்தில் ஆர்பிட்ரேஷன் ஷரத்து இருந்தால் ஒரு வழி திறக்கிறது: நடுவர் முன் நடக்கும் விசாரணைக்கு இந்த 69-வது பிரிவுத் தடை பொருந்தாது என்று உமேஷ் கோயல் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2016-ல் சொல்லிவிட்டது. ஆனால் தகராறை நடுவரிடம் கொண்டுபோக ஒரு பார்ட்னருக்குத் தானாக அதிகாரம் கிடையாது, அதனால் மைத்துனரையும் கையெழுத்துப் போடச் சொல்லுங்கள்.

சரி, காண்ட்ராக்ட் திரும்பக் கிடைக்குமா? நம்பிக்கை வைக்காதீர்கள். முன்னறிவிப்புக் கொடுத்து முடித்துக்கொள்ளலாம் என்ற ஷரத்து உள்ள ஒப்பந்தத்தைக் கோர்ட் பொதுவாக உயிர்ப்பிக்காது. அமிர்தசரஸ் கேஸ் சர்வீஸ் வழக்கில் (1991) உச்ச நீதிமன்றம், ஒப்பந்தத்தில் இருந்த 30 நாள் நோட்டீஸ் காலத்துக்கு மட்டும்தான் நஷ்டஈடு கொடுத்தது.

ஆனால் அந்த 5 வருடத் தடை இருக்கிறதே, உங்களுக்குக் கெடுதலும் அதுதான், அவர்கள் பலவீனமும் அதுதான். இப்படி டெண்டர் போடத் தடை விதிப்பதுதான் கறுப்புப் பட்டியலில் சேர்ப்பது; அதற்கு முன் விளக்கம் கேட்டே ஆக வேண்டும் என்பது 1975-லிருந்து உச்ச நீதிமன்றம் சொல்லிவருவது. உங்கள் தொழிலிலேயே இருந்த கூர்க்கா செக்யூரிட்டி சர்வீசஸ் டெல்லி அரசுக்கு எதிராகப் போட்ட வழக்கில் (2014), நோட்டீஸ் வந்திருந்தும், கறுப்புப் பட்டியலில் சேர்க்கப்போகிறோம் என்பது அதில் தெளிவாக இல்லை என்பதற்காகவே அந்தத் தடை ரத்தானது. உங்களுக்கோ நோட்டீஸே இல்லை! இதற்கு அரசியல் சட்டத்தின் 226-வது பிரிவில் ரிட் மனு, அதாவது அரசின் செயலை எதிர்த்து நேரடியாக உயர் நீதிமன்றத்தில் போடும் மனு, சரியான வழி. பார்ட்னர்ஷிப் ஃபர்ம் ரிட் போட்டு ஜெயித்ததும் உண்டு: மகாபீர் ஆட்டோ ஸ்டோர்ஸ் என்ற ஃபர்முக்கு 18 வருடம் லூப்ரிகன்ட் கொடுத்துவந்த இந்தியன் ஆயில் 1983-ல் திடீரென நிறுத்தியது. அரசு நிறுவனம் வியாபாரத்திலும் நியாயமாக நடக்க வேண்டும், ஃபர்மின் தரப்பைக் கேட்க வேண்டும் என்றது உச்ச நீதிமன்றம்.

டெபாசிட், பாக்கி பில் எல்லாம் வேறு கதை. சேவை திருப்தியா இல்லையா என்று சாட்சி விசாரித்துச் சொல்ல ரிட் நீதிபதிக்கு நேரமும் இல்லை, மனமும் இல்லை. சிவில் கோர்ட்டுக்குப் போ என்பார். எதிர்த்தரப்பு அரசு என்றால் அங்கே போக 2 மாத முன்னறிவிப்பு வேண்டும், அதை இன்றே அனுப்பலாம். நஷ்டம் எதுவும் இல்லாமல் டெபாசிட்டை விழுங்க முடியாது என்பதற்குக் கைலாஷ் நாத் தீர்ப்பு (2015) கை கொடுக்கும். வருகைப் பதிவேடு, பி.எஃப். சலான், அலுவலகம் தந்த மாதச் சான்று, எல்லாவற்றையும் நகல் எடுத்து வையுங்கள்.

கேள்வி: எங்கள் ஃபர்மில் இருவர்தான். பார்ட்னர் இறந்ததும் காண்ட்ராக்ட் முடிந்தது என்கிறார்கள். பார்ட்னர் இறந்தாலும் ஃபர்ம் தொடரும் என்று பத்திரத்தில் இருக்கிறதே?
- ஒரு வாசகர், கரூர்

பதில்: மூன்று பேர் இருந்திருந்தால் அந்த வரி உதவியிருக்கும். இருவரில் ஒருவர் போனால் மிச்சம் இருப்பவர் யாரோடு பார்ட்னர்? ஃபர்ம் கலைந்தது என்பதுதான் 1965-லேயே உச்ச நீதிமன்றம் சொன்னது. வேலை முடித்த வரைக்குமான பணத்தை வசூலிக்கும் உரிமை மட்டும் உங்களிடம் இருக்கிறது. அதை விடாதீர்கள்.